மேல் ஓடையின் மூன்று விளக்குச் சிப்பிகள்

ஜனவரி 9, செவ்வாய்

இந்த டைரி உரக்கடைக்காரர் இலவசமாகக் கொடுத்தது. ஒவ்வொரு பக்கத்தின் அடியிலும் யூரியாவைப் பற்றி ஒரு நல்ல வார்த்தை அச்சாகியிருக்கிறது. அதற்கு மேலே நான் எழுதப்போவதும் ஏறக்குறைய அதே ரகம்தான்.

பெயர் மாசிலாமணி. வயது ஐம்பத்தைந்து. அரியலூரில் ஒரு சிமெண்ட் ஆலையின் சுரங்க அலுவலகத்தில் எழுத்தர். வார இதழ் ஒன்றில் நகைச்சுவைத் துணுக்கு எழுதுகிறவன் என்று ஊரில் ஒரு பேச்சு உண்டு. என் வாசகர் என்று நேரில் ஒப்புக்கொண்டவர்கள் இதுவரை மூன்று பேர். அதில் ஒருவர் பல் டாக்டர். அவருடைய வரவேற்பறையில் அந்த இதழ் கிடக்கும். வலியோடு வருகிறவர்கள் என்னைப் படித்துவிட்டு உள்ளே போவார்கள். பல்லைப் பிடுங்கும்போது அவ்வளவாகத் தெரியவில்லையாம்.

இன்று திருச்சியில் வேறொரு டாக்டர். பரிமளாவின் கணையத்தில் இருந்தது கல்லீரலுக்கும் போய்விட்டது. "இனிமே வீட்லயே வச்சுப் பாத்துக்கங்க" என்றார்.

"எத்தனை நாள் சார்?" என்று கேட்டவள் பரிமளா. டாக்டர் பதிலை என்னைப் பார்த்துச் சொன்னார். "ஆறு வாரம். நல்லா இருந்தா எட்டு."

"அப்ப கட்டுரையை முடிச்சிரலாம்" என்றாள் அவள்.

டாக்டருக்குப் புரியவில்லை. எனக்குப் புரிந்தது. பேருந்தில் வரும்போது நான் டிக்கெட்டை இரண்டு தடவை வாங்கிவிட்டேன். அவள் என் கையைப் பிடித்துக்கொண்டு, "நீங்க தைரியமா இருக்கணும்" என்றாள். எதற்காகப் பயந்தேன் என்று அவளுக்குத் தெரியாது.

ஜனவரி 11, வியாழன்

பரிமளா என் மனைவி. அரசுக் கல்லூரியில் இருபத்தாறு வருஷமாக நிலவியல் பேராசிரியை. அவளுடைய கட்டுரை பிராக்கியோபாட் என்கிற கடல் பிராணியைப் பற்றியது. ஓடு பழைய அகல் மாதிரி இருப்பதால் விளக்குச் சிப்பி என்றும் சொல்கிறார்கள். வெறும் சிப்பி என்று சொல்லிவிட்டால் அவளுக்குக் கோபம் வரும். சிப்பியின் ஓடுகள் இடமும் வலமுமாக இருக்கும், ஒன்றுக்கொன்று கண்ணாடிப் பிம்பம். இதற்கு மேலும் கீழும். ஒன்று பெரிது, ஒன்று சிறிது. "நம்ம கல்யாண போட்டோ மாதிரி" என்று நான் சொல்வதுண்டு. அவள் என்னைவிட இரண்டு அங்குலம் உயரம்.

பெரிய ஓட்டின் மூக்கில் ஒரு துளை. அதன் வழியே ஒரு காம்பு வரும். காம்பால் ஒரு பாறையைப் பிடித்துக்கொண்டால் ஆயுசு முழுக்க அங்கேயேதான். தலை கிடையாது. வாய்க்குப் பக்கத்தில் சுருள் சுருளாக ஒரு சல்லடை. தண்ணீரில் வருவதை வடிகட்டித் தின்னும். பல வகைகளுக்குக் கழிவுக்கென்று தனி வழி இல்லை, உள்ளே போன வழியாகவே வெளியே தள்ளும். எழுத்துலகில் இதைவிட நெருங்கிய சொந்தம் எனக்கு யாருமில்லை.

சிப்பி செத்தால் வாய் பிளந்துகொள்ளும். இது பெரும்பாலும் திறக்காது. மூடுவதற்கு ஒரு தசை என்றால் திறப்பதற்கும் இதற்குத் தனியாக ஒரு தசை வேண்டும். செத்தபின் அதற்கு எங்கே போவது? அதனால் கோடிக்கணக்கான வருஷம் கழித்தும் வாயை மூடியபடியே கிடைக்கிறது.

அரியலூர் ஒரு காலத்தில் கடல். ஊருக்கு வெளியே பரிமளா இரண்டு ஓடைகளுக்குப் பெயர் வைத்திருந்தாள். கீழ் ஓடையில் செங்காவி நிறப் பாறை. ஆறரைக் கோடி வருஷத்துக்கு முன்னால் உலகத்து உயிர்களில் பாதிக்கு மேல் அழிந்ததே, அதற்கு முந்தையது. மேல் ஓடையில் வெள்ளைப் பாறை, அழிவுக்குப் பிந்தையது. அவளுடைய பிராக்கியோபாட் கீழ் ஓடையில் நிறையக் கிடைக்கும். அழிவோடு அதுவும் போயிற்று என்றுதான் எல்லோரும் நினைத்தார்கள். ஆனால் 1997இல் மேல் ஓடையில் மூன்று கிடைத்தன. எல்லாம் போன பிறகும் இது மட்டும் பிழைத்திருந்தது என்பதுதான் அவளுடைய கட்டுரை, அவளுடைய வாழ்க்கை.

அந்த மூன்றையும் பொறுக்கி வந்தவன் நான். கூட வைத்த சீட்டில் என் கையெழுத்துதான் இருக்கிறது. "மேல் ஓடை, வெள்ளைப் பாறை."

ஜனவரி 15, திங்கள்

பொங்கல். குக்கரில் வைத்தேன். மூன்று விசில் வந்தபோது மூன்று முறை "பொங்கலோ பொங்கல்" சொன்னேன். பரிமளா கட்டிலில் இருந்தபடி, "குக்கருக்குக் காது கேக்காது, சத்தமா சொல்லுங்க" என்றாள்.

துறையூரிலிருந்து அவள் தங்கை கோமளா வந்துவிட்டாள், இனி இங்கேயேதான். பள்ளிக்கூடத்தில் கணக்கு டீச்சர். வந்த அரை மணியில் மருந்துகளை அகர வரிசையில் அடுக்கினாள், என்னை எங்கே வைப்பது என்று மட்டும் தெரியவில்லை. பார்க்க வருகிறவர்கள் கொடுத்த ஹார்லிக்ஸ் பாட்டில் ஏழு சேர்ந்திருக்கிறது. எதிர்வீட்டு அம்மாள் வந்து, தன் ஓரகத்திக்கும் இதே வியாதிதான் என்று ஆரம்பித்து, எப்படி முடிந்தது என்று கடைசிவரை விவரமாகச் சொன்னாள். பரிமளா பொறுமையாகக் கேட்டுவிட்டு, "நல்ல தகவல்" என்றாள்.

மாலையில் பரிமளா மூன்று பிராக்கியோபாடையும் கேட்டு வாங்கி உள்ளங்கையில் வைத்துக்கொண்டாள். ஒவ்வொன்றும் கொண்டைக்கடலை அளவு.

"கோமு, உங்க மாமா கண்ணு இருக்கே, அது ஆராய்ச்சிக் கண்ணு. அதுக்கப்புறம் நான் ஆறு தடவை மேல் ஓடைக்குப் போயிருக்கேன், ஒண்ணுகூடக் கிடைக்கலை. இவரு ஒரே நாள்ல மூணு பொறுக்கிட்டு வந்தாரு."

"மாமாவுக்கு மூக்குக் கண்ணாடியைத் தேடவே அரை நாள் ஆகும்" என்றாள் கோமளா.

அந்த ஆறு தடவையும் நானும் கூடப் போனேன். "இங்கதான், இந்த வேல மரத்துக்குக் கீழ" என்று கைகாட்டினேன். ஒவ்வொரு தடவையும் அதே மரத்தைக் காட்ட வேண்டுமே என்று அதில் ஆணியால் ஒரு கீறல்கூடப் போட்டுவைத்திருந்தேன்.

ஜனவரி 17, புதன்

மருந்து வாங்கப் போவதாகச் சொல்லிவிட்டு மேல் ஓடைக்குப் போனேன்.

ஓடை இல்லை. எண்பது அடி ஆழத்தில் பச்சைத் தண்ணீர். சுரங்கம் 2004இல் அந்த வெள்ளைப் பாறையை முழுக்க எடுத்துவிட்டது. இந்நேரம் அது எங்காவது அடுக்குமாடிக் கட்டடமாக நின்றுகொண்டிருக்கும். விளிம்பில் கொட்டிய கழிவுக் குவியலில் இரண்டு மணி நேரம் முட்டிபோட்டுத் தேடினேன். ஒன்றே ஒன்று கிடைத்தால் போதும் என்று வேண்டிக்கொண்டேன். எந்தச் சாமியிடம் என்று யோசிக்கவில்லை. நத்தை கிடைத்தது. பவளத் துண்டு கிடைத்தது. ஒரு செருப்பு கிடைத்தது, இடது கால்.

காவலாளி வந்தார். "என்ன சார் தேடுறீங்க?"

"பிராக்கியோபாட்."

"செல்போனா?"

"ஆமா."

"இங்க டவரே எடுக்காதே சார். நீங்க ஆபீஸ் ஆளுதானே, உங்களுக்குத் தெரியாததா."

தெரியும். இந்த இடத்தைத் தோண்ட அனுமதி கேட்ட கோப்பைத் தட்டச்சு செய்தவனே நான்தான். அனுமதி வந்த அன்று அரைக்கிலோ கேசரி வாங்கிக்கொண்டு போனேன். எதற்கு என்று பரிமளா கேட்டாள். சும்மாதான் என்றேன். சாப்பிட்டாள். மறுநாள்தான் ஓடை போகப்போகிறது என்று அவளுக்குத் தெரிந்தது. அழுதாள். மீதிக் கேசரியை நான் சாப்பிட்டேன்.

ஜனவரி 20, சனி

ஆராய்ச்சி இதழிலிருந்து கடிதம். கட்டுரையை மதிப்பிட்டவர் ஒரே ஒரு நிபந்தனை வைத்திருக்கிறார். மூன்றில் ஒன்றைத் தேய்த்து உள்ளமைப்பைக் காட்ட வேண்டுமாம்.

மூடிய வாய்க்குள் என்ன இருக்கிறது என்று பார்க்க அதுதான் வழி. கண்ணாடிப் பலகையில் அரத்தூள் என்கிற சொரசொரப்பான தேய்ப்புப் பொடியும் தண்ணீரும் விட்டு, தலைமுடி கனத்துக்குக் கொஞ்சம் கொஞ்சமாகத் தேய்ப்பார்கள். ஒவ்வொரு தேய்ப்புக்கும் ஒரு படம் வரைய வேண்டும். கடைசியில் படங்கள் இருக்கும், பிராக்கியோபாட் இருக்காது. இத்தனை வருஷமும் பரிமளா அதற்குச் சம்மதித்ததே இல்லை. உலகத்தில் மூன்றே மூன்று என்றால் யாருக்குத்தான் மனசு வரும்?

"ஒண்ணைத் தேச்சிரலாங்க" என்றாள் இன்று. "எனக்குக் கை நிக்காது. நீங்க தேய்ங்க. நான் பாத்துச் சொல்றேன்."

உள்ளே படிந்திருக்கும் மண் எந்த ஓடை மண் என்பதும் தெரிந்துவிடும் என்று அவள் சொல்லவில்லை. அவளுக்கு அதில் சந்தேகமே இல்லை.

ஜனவரி 23, செவ்வாய்

அரத்தூள் திருச்சியில் எங்கும் கிடைக்கவில்லை என்று சொன்னேன். நான் திருச்சிக்கே போகவில்லை, பேருந்து நிலையத்தில் இரண்டு டீ குடித்துவிட்டுத் திரும்பினேன்.

ஜனவரி 25, வியாழன்

கோமளா கண்ணாடிக் கடைக்குப் போய் இருபது நிமிஷத்தில் அரத்தூளோடு வந்துவிட்டாள். மூன்று ரகம், தனித்தனிப் பொட்டலம், மேலே எண் போட்டு. கணக்கு டீச்சர்களை எனக்கு எப்போதுமே பிடித்ததில்லை.

ஜனவரி 26, வெள்ளி

இன்று சொல்லிவிட்டேன். எப்படிச் சொன்னேன் என்பதையும் எழுதிவிடுகிறேன்.

காலையில் அவளுக்கு இட்லியை மசித்து ஊட்டிக்கொண்டிருந்தேன். தொலைக்காட்சியில் அணிவகுப்பு ஓடியது.

"பரிமளா, ஒண்ணு சொல்லணும். அந்த மூணும் மேல் ஓடைல கிடைச்சது இல்லை. கீழ் ஓடை. பை மாறிப்போச்சு."

"எப்ப மாறுச்சு?"

"அன்னிக்கேதான்."

"இருபத்தாறு வருஷமாவா?"

"ஆமா."

என் முகத்தையே பார்த்தாள். பிறகு சிரித்தாள். "கோமு, இங்க வாடி. தேய்க்கச் சோம்பேறித்தனப்பட்டுக்கிட்டு உங்க மாமா கட்டுற கதையைக் கேளு."

கோமளா கேட்டாள், அவளும் சிரித்தாள். "இதைப் பத்திரிகைக்கு அனுப்புங்க மாமா. நிச்சயம் போடுவாங்க."

"ஏப்ரல் ஒண்ணாந்தேதி ஃபோன் பண்ணி, காலேஜ் மியூசியம் கூரை இடிஞ்சு விழுந்துருச்சுன்னு சொன்ன மனுஷன்டி. நான் ஆட்டோ பிடிச்சு ஓடினேன்."

சிரித்துச் சிரித்து வலி வந்துவிட்டது. வலி மருந்தை ஊற்றிக் கொடுத்தேன். கண்ணைத் துடைத்துக்கொண்டு, "எவ்வளவு நாளாச்சு இப்படிச் சிரிச்சு" என்றாள்.

அதற்குப் பிறகு நான் என்ன சொல்ல? இத்தனை வருஷமாகச் சிரிக்க வைக்க முயன்று தோற்றவன். ஒரு தடவை நிஜத்தைச் சொன்னேன், வெற்றி பெற்றுவிட்டேன்.

அந்த நிஜமும் பாதிதான். பை மாறவில்லை. அன்று என்னிடம் இருந்ததே ஒரு பைதான். மேற்கொண்டு எழுதலாம் என்றால் பக்கம் முடிந்து யூரியா வந்துவிட்டது.

ஜனவரி 29, திங்கள்

சாப்பாட்டு மேசையைக் கட்டிலுக்குப் பக்கத்தில் இழுத்துப்போட்டாள் கோமளா. பரிமளாவை மூன்று தலையணை வைத்துச் சாய்த்து உட்கார வைத்தோம். கையில் லென்ஸ். கல்லூரிக்குப் போகிற நாள் மாதிரி பொட்டு வைத்துக்கொண்டிருந்தாள்.

கண்ணாடியில் எட்டுப் போடுவது மாதிரி தேய்க்க வேண்டும். தேய்த்தேன், கழுவினேன், காட்டினேன். அவள் பார்த்துச் சொல்ல, கோமளா வரைந்தாள்.

முதல் ஐந்து தேய்ப்பில் ஓடு மட்டும். ஆறாவதில் உள்ளே கற்கண்டு மாதிரி வெள்ளைப் படிகம். அது எந்த அடுக்கிலும் உருவாகும், அதை வைத்து ஒன்றும் சொல்ல முடியாது. அந்தப் படிகத்துக்கு நடுவில் மெல்லிய வளையம் ஒன்று தெரிந்தது. சல்லடையைத் தாங்குகிற கொக்கி.

"வளையம் இருக்குங்க" என்றாள். குரல் பழைய குரலாக இருந்தது. "கோமு, பாரு. ஆறரைக் கோடி வருஷம். அப்படியே இருக்கு."

முழுக்கப் படிகமாகவே இருந்துவிடக் கூடாதா என்று தேய்த்தேன். அப்படியும் சில இருக்கும். பதினோராவது தேய்ப்பில் அடியில் ஒரு கோடு. பதினான்கில் பாதி நிறைந்துவிட்டது. செங்காவி மண்.

"கழுவுங்க" என்றாள்.

கழுவினேன்.

"இன்னொரு தடவை."

கழுவினேன். கோமளா என்னைப் பார்த்தாள். பரிமளா லென்ஸை வைத்து வெகுநேரம் பார்த்தாள். அப்புறம் லென்ஸை மடித்து மடியில் வைத்துக்கொண்டாள்.

"மண்ணைப் பாக்காம சீட்டுல உங்க எழுத்தைப் பாத்திருக்கேன்" என்றாள்.

நான் தேய்த்த கையைத் துடைத்துக்கொண்டே இருந்தேன்.

"பை மாறலை, இல்ல?"

"இல்லை."

"எனக்குக் காய்ச்சல்னு அன்னிக்கு உங்களைத் தனியா அனுப்பினேன். மேல் ஓடைக்குப் போனீங்களா?"

"போகலை. போற வழியில கீழ் ஓடையில பொறுக்கினேன்."

"அப்புறம் சாயங்காலம் வரைக்கும் எங்க இருந்தீங்க?"

"படத்துக்குப் போனேன்."

கோமளா எழுந்து சமையலறைக்குப் போய்விட்டாள். பாத்திரம் எதுவும் உருளவில்லை, குழாய்ச் சத்தமும் இல்லை.

"நல்ல படமா?" என்றாள் பரிமளா.

"இடைவேளையில எழுந்து வந்துட்டேன்."

அதை ஏன் சொன்னேன் என்று தெரியவில்லை. ஏதோ அதற்காவது மதிப்பெண் கிடைக்கும் என்று நினைத்திருப்பேன்.

ஜனவரி 31, புதன்

இரண்டு நாளாகப் பரிமளா பேசியது கஞ்சி, மருந்து, தண்ணீர் என்ற மூன்று வார்த்தைதான். மூன்றும் கோமளாவிடம்.

கோபமாகத் திட்டுவாள் என்று எதிர்பார்த்தேன். அதற்கு வேண்டிய பதில்களைக்கூடத் தயார் செய்து வைத்திருந்தேன். புதுசாகக் கல்யாணம் ஆன பையன், வெயில், சித்திரை மாதம், ஒரு கூழாங்கல் எந்த ஓடையில் கிடைத்தால் என்ன என்று நினைத்துவிட்டேன். அந்த வாரமே சொல்லியிருக்கலாம். ஆனால் அவள் அந்த மூன்றையும் பார்த்த மறுநிமிஷம் காய்ச்சலோடு எழுந்து என்னைக் கட்டிக்கொண்டாள். அதுவரை அப்படி யாரும் என்னைக் கட்டிக்கொண்டது கிடையாது. கதை இவ்வளவுதான்.

பிப்ரவரி 2, வெள்ளி

கூப்பிட்டாள். நான்தான் எழுத வேண்டுமாம், கோமளாவுக்கு ஆங்கிலத்தில் நிலவியல் வார்த்தைகள் தெரியாது. கட்டுரையைத் திரும்பப் பெறும் கடிதம். மெதுவாக, மூச்சு வாங்கிச் சொன்னாள். மூன்று மாதிரிகளும் கீழ் அடுக்கைச் சேர்ந்தவை. சேகரித்த இடத்தைப் பற்றிய குறிப்பு தவறு. சரிபார்க்கத் தவறியது ஆசிரியரின் பிழை.

"உன் பிழைன்னு எழுத மாட்டேன்" என்றேன். "என் பேரைப் போடு. சேகரித்தவர் அந்த இடத்துக்கே போகலைன்னு போடு."

"எதுக்கு?"

"நடந்தது அதுதானே."

"கட்டுரை யாரு பேர்ல இருக்கோ அவங்கதான் சரிபாக்கணும். அதுதான் முறை. அதுல உங்களுக்கு இடம் இல்லைங்க."

எழுதினேன். முடித்ததும் நிமிர்ந்து பார்த்தேன். கூரையைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"ஆறு தடவை போனேன்" என்றாள். "ஒவ்வொரு கல்லா புரட்டினேன். எனக்குக் கண்ணு சரியில்லைன்னு நினைச்சேன். கண்ணாடியைக்கூட மாத்தினேன். நான் சரியாத்தான் தேடியிருக்கேன். அங்க அது இல்லை. இல்லைங்கறதுதான் நான் கண்டுபிடிச்சது. அதை எழுதவே இல்லை."

"இப்ப எழுதலாமே."

"எதை வச்சு? ஒரு தடவைகூட நான் குறிப்பு எடுக்கலை. ஒண்ணும் கிடைக்காத நாளுக்கு என்ன குறிப்புன்னு விட்டுட்டேன். திரும்பப் போய்ப் பாக்கவும் ஓடை இல்லை."

பிப்ரவரி 5, திங்கள்

இதழிலிருந்து பதில். கடிதம் கிடைத்தது, கட்டுரை நீக்கப்பட்டது, ஒத்துழைப்புக்கு நன்றி. இரண்டு வரி. படித்துக் காட்டினேன். "சரி" என்றாள்.

கோமளா என்னிடம் இப்போது "மாமா" போடுவதில்லை. "சாப்பாடு எடுத்து வச்சிருக்கு" என்று சுவரிடம் சொல்கிறாள். சுவர் சாப்பிடாததால் நான் சாப்பிடுகிறேன்.

பிப்ரவரி 8, வியாழன்

பத்திரிகை ஆசிரியர் ஃபோன் செய்தார். காதலர் தினச் சிறப்பிதழுக்குக் கணவன் மனைவி துணுக்கு ஆறு வேண்டுமாம். "உங்க வீட்ல நடந்ததையே எழுதுங்க சார், அதுதான் ரசிப்பாங்க" என்றார். ஆறும் எழுதி அனுப்பிவிட்டேன். கை அது பாட்டுக்கு எழுதியது. நன்றாக இருப்பதாகச் சொன்னார்.

பிப்ரவரி 10, சனி

பரிமளா இன்று ஒன்றும் சாப்பிடவில்லை. தண்ணீர் ஆறு ஸ்பூன்.

பிப்ரவரி 12, திங்கள்

வீட்டுக்கு வந்து பார்க்கிற நர்ஸ் சொல்லிவிட்டுப் போனார். முதுகில் புண் வராமல் இருக்க இரண்டு மணிக்கொரு தரம் ஒரு பக்கமாகத் திருப்பிப் படுக்க வைக்க வேண்டும். நானும் கோமளாவும் ஆளுக்கு ஒரு பக்கம் துணியைப் பிடித்துத் திருப்புகிறோம். அவளிடம் கனமே இல்லை.

காலை எட்டு மணிக்கு வாசல் பக்கம் திருப்பினோம். நான் அந்தப் பக்கம்தான் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தேன். கண்ணை மூடிக்கொண்டாள். தூங்குகிறாள் என்று நினைத்தேன். பத்து மணிக்கு ஜன்னல் பக்கம் திருப்பினோம். கோமளா அப்புறம் சொன்னாள், அக்கா இரண்டு மணி நேரமும் முழித்துக்கொண்டு வெளியே முருங்கை மரத்தைப் பார்த்துக்கொண்டே இருந்தாளாம், அணில் வந்ததும் கையைக்கூட ஆட்டினாளாம். பன்னிரண்டுக்குத் திரும்ப என் பக்கம். கண் மூடிக்கொண்டது. இமை துடித்தது. தூங்குகிறவர்களுக்கு அப்படித் துடிக்காது.

கோமளாவுக்கு இது பிடிபடவில்லை. அவளுக்கு ஏன் சொல்ல வேண்டும்?

இரண்டு மணியிலிருந்து நாற்காலியை அவள் முதுகுப் பக்கம் போட்டுக்கொள்கிறேன். அவளைத் திருப்பியதும் நாற்காலியைத் தூக்கிக்கொண்டு, சத்தம் வராமல், கட்டிலைச் சுற்றி மறுபக்கம் போய்விடுகிறேன். நான்கு மணிக்கு ஒரு முறை, ஆறு மணிக்கு ஒரு முறை.

ஆறு மணிக்குத் திருப்பியபின் கோமளா எட்டிப் பார்த்தாள். அக்கா கண்ணைத் திறந்து மரத்தைப் பார்த்துக்கொண்டு இருக்கிறாள் என்றாள்.